உடையலங்காரமா, வரலாற்றுச் சான்றா? – பானு அதையாவின் திரைப்பட ஆடையாக்கம் பற்றி ஓர் ஆய்வு

தமிழ்த் திரைப்படங்களின் தொடக்கப் பெயர்ப்பட்டியலில் ‘உடையலங்காரம்’ அல்லது ‘ஆடை அலங்காரம்’ என்று ஒரு வரி தோன்றி மறையும். இந்திப் படங்களில் அதே இடத்தில் ‘வேஷபூஷா’ என்ற சொல் வரும். இரண்டிலும் அணிசெய்தல் என்ற கருத்தே மேலோங்கி நிற்கின்றது. ஏற்கெனவே எழுதப்பட்ட ஒரு பாத்திரத்தை அழகுபடுத்துவதே இத்துறையின் பணி என்ற எண்ணம் இச்சொற்களின் வழியே நம்மிடம் நிலைபெற்றுவிட்டது. பழைய நாடக இலக்கணம் இவ்வாறு கருதவில்லை என்பது மனங்கொள்ளத்தக்கது. நாட்டிய சாஸ்திரம் உடை, அணி, ஒப்பனை முதலியவற்றை ‘ஆகார்யம்’ எனக் கூறி, ஆங்கிகம், வாசிகம், சாத்துவிகம் ஆகியவற்றோடு சேர்த்து நால்வகை அபிநயங்களுள் ஒன்றாக எண்ணுகின்றது. பொருளைக் காண்போரிடம் கொண்டு செல்வதே அபிநயம். ஆகவே உடையும் பேசும் என்பதே அவ்விலக்கணத்தின் துணிபு. பிற்கால வழக்கு அதனை அலங்காரமாகக் குறுக்கிவிட்டது.

விமரிசன மரபும் இத்துறைக்கு நியாயம் செய்ததாகக் கூறமுடியாது. வரலாற்று நாவல் பற்றிய தமது ஆய்விலே ஜோர்ஜ் லூகாச், வோல்ற்றர் ஸ்கொற்றுக்கு முற்பட்ட நாவல்கள் பழங்காலத்தை உடையளவிலே மாத்திரம் கொண்டிருந்தனவேயன்றி, அக்காலத்து மனிதரின் உளப்பாங்கை அக்காலத்தின் தனித்தன்மையிலிருந்து பெறவில்லை என வாதிக்கின்றார். அங்கு உடை என்பது மேலோட்டமானவற்றுக்கு மறுபெயராகின்றது. நாவலைப் பொறுத்தவரை இவ்வாதம் வலிமையுடையதே. ஆனால் இதனை அப்படியே திரைப்படத்துக்குப் பொருத்தும்போது ஓர் இடர்ப்பாடு எழுகின்றது. நாவலாசிரியன் தன் பாத்திரம் என்ன உடுத்திருந்தது என்பதைச் சொல்லாமலே நூறு பக்கங்களைக் கடந்துவிடலாம். படப்பிடிப்புக் கருவிக்கு அந்தச் சலுகை இல்லை. திரையில் நிற்கும் ஒவ்வொரு மனிதனும் ஏதோவொரு துணியை ஏதோவொரு முறையில் உடுத்தே நிற்கின்றான். அது கைத்தறியா, ஆலைத்துணியா, வெட்டித் தைத்ததா, தைக்காததா, எத்தனை முழம் வாங்க அவனுக்கு வசதி இருந்தது, எத்தனை முறை துவைக்கப்பட்டது என்னும் வினாக்களுக்கு விடை கூறாமல் ஒரு சட்டகத்தையேனும் நிரப்ப முடியாது. விடை பிழையாக இருக்கலாம். விடையே இல்லாமல் இருக்கமுடியாது.

அரை நூற்றாண்டுக்கு மேலாக இந்தியத் திரைப்படத்தில் ஆடையாக்கம் செய்த பானு அதையாவை (1929–2020) இவ்வினாவின் பின்னணியிலேயே இக்கட்டுரை நோக்குகின்றது. ‘ஒஸ்கார் விருது பெற்ற முதல் இந்தியர்’ என்ற அடைமொழியோடு அவர் பெயர் எங்கும் வழங்குகின்றது. அவ்வடைமொழி உண்மையானதே. எனினும் நூற்றுக்கு மேற்பட்ட படங்களில் பரந்து கிடக்கும் ஓர் உழைப்பை அது ஒரே மாலைப்பொழுதின் விழாவாகச் சுருக்கிவிட்டது. அவ்வுழைப்பு எல்லாவிடத்தும் ஒரே தரத்தது அன்று. வரலாற்றை வாசிக்கத் தெரிந்த ஒரு கைக்கு, வணிக சினிமா எங்கே இடங்கொடுத்தது, எங்கே மறுத்தது என்பதே ஈண்டு நாம் கவனிக்க வேண்டியது.

பானுமதி அண்ணாசாகேப் ராஜோபாத்யே 1929 ஏப்பிரல் 28ஆம் திகதி கோலாப்பூரில் பிறந்தார். ஏழு பிள்ளைகளுள் மூன்றாமவர். தந்தையார் தாமாகவே ஓவியமும் நிழற்படக் கலையும் பயின்றவர். பாபுராவ் பெயின்ரரின் படங்கள் சிலவற்றிற் பணிபுரிந்தவர். கோலாப்பூர் அக்காலத்தில் மராத்தித் திரைப்படத்தின் பிறப்பிடங்களுள் ஒன்றாக விளங்கியது. வட்டிக்காரனிடம் நிலத்தை இழந்து நகரத்து ஆலைத் தொழிலாளியாகும் உழவனின் கதையை 1925இல் ‘சாவ்காரி பாஷ்’ என்ற மௌனப்படமாக எடுத்தவர் பாபுராவ் பெயின்ரர். புராணக் கதைகளே திரையை நிறைத்திருந்த வேளையில், கடனாளி உழவனின் கிழிந்த துணியும் திரைக்கு உரியதே என்று காட்டிய மரபு அது. அம்மரபு நேரடியாக மகளைச் சென்றடைந்தது என்று நிறுவச் சான்றில்லை. அவர் சிறுமியாக இருக்கும்போதே தந்தையார் காலமாகிவிட்டார். ஆயினும், ஓவியமும் படப்பிடிப்பும் ஒரே வீட்டில் புழங்கிய சூழல் எல்லோர்க்கும் வாய்ப்பதில்லை.

பம்பாய் ஜே. ஜே. கலைக் கல்லூரியில் ஓவியம் பயின்று தங்கப்பதக்கம் பெற்ற அவர், முற்போக்கு ஓவியர் குழுவின் 1953ஆம் ஆண்டுக் கண்காட்சியிற் பங்குகொண்டார். சூசா, ராசா, உசைன், ஆரா, காடே, பாக்ரே ஆகிய அறுவர் 1947இல் தொடங்கிய குழு இது. அதில் இடம்பெற்ற ஒரே பெண் அவர். அக்குழுவைச் சேர்ந்த ஆண்கள் பலர் இலண்டனுக்கும் பாரிசுக்கும் நியூயோர்க்குக்கும் சென்று உலகப் பெயர் பெற்றனர். தந்தையை இழந்த பெரிய குடும்பத்துப் பெண், மாத வருமானம் தரும் பத்திரிகைப் படங்களை வரையத் தொடங்கினார். இந்திய நவீன ஓவிய வரலாறு இவ்வேறுபாட்டை அவரவர் விருப்பத்தின் பாற்பட்டதாகவே பெரும்பாலும் எழுதியுள்ளது. அது விருப்பமா, நிர்ப்பந்தமா என்று கேட்பதற்கு உரிமை நமக்கு உண்டு.

‘ஃபஷன் அண்ட் பியூட்டி’, ‘ஈவ்ஸ் வீக்லி’ ஆகிய ஆங்கில மகளிர் இதழ்களில் அவர் ஆடைப் படங்கள் வரைந்தார். பின்னைய இதழின் ஆசிரியர் ஓர் ஆடைக்கடை திறந்தபோது, வரைவதோடு நில்லாமல் தைப்பித்துப் பார்க்குமாறு அவரைத் தூண்டினார். அக்கடைக்கு வந்த நடிகையர் வழியாகவே திரையுலகின் கதவு திறந்தது. ‘ஸ்ரீ 420’ (1955) போன்ற படங்களின் தனித்தனிக் காட்சிகளுக்கு உடைகள் அமைத்தபின், குருதத் தயாரித்த ‘சி.ஐ.டி.’ (1956) அவருக்கு முழுப்பொறுப்பைத் தந்தது. ‘பியாசா’ (1957), ‘சௌத்வீன் கா சாந்த்’ (1960) எனக் குருதத் குழுவுடனான உறவு தொடர்ந்தது.

அவர் நுழைந்த காலத்துப் பம்பாய் சினிமாவின் உழைப்புப் பிரிவினையை இங்கே சற்று விளக்குதல் வேண்டும். ஒரு படத்தின் உடைகள் ஒரே மூளையில் உருவாகவில்லை. நாயகியின் உடையை அவளுடைய தையற்காரர் தைத்தார், நாயகனுக்கு வேறொருவர், துணைப்பாத்திரங்களுக்கும் கூட்டத்தினர்க்கும் ‘டிரெஸ்வாலா’ எனப்பட்ட வாடகைக்காரரின் பெட்டிகளிலிருந்து உடைகள் வந்தன. அரசன் என்றால் ஒரு பெட்டி, உழவன் என்றால் இன்னொரு பெட்டி. எந்த நாட்டு அரசன், எந்தச் சாதி உழவன் என்பது பெட்டிக்குத் தெரியாது. இதன் விளைவாகத் திரையில் வர்க்க உறவு என்பது விலையுயர்ந்த துணிக்கும் மலிவான துணிக்கும் இடையிலான வேறுபாடாக மாத்திரமே தோன்றியது. திரைக்கதையைப் படித்து, காலத்தையும் இடத்தையும் குறித்துக்கொண்டு, ஒவ்வொரு பாத்திரத்துக்கும் படம் வரைந்து, அப்பாத்திரங்கள் ஒரே சட்டகத்தில் நிற்கும்போது நிறங்கள் எவ்வாறு அமையும் என்று எண்ணிப் பார்க்கும் முறையை ஓவியராகப் பயின்ற ஒருவர் கொண்டுவந்தமை இச்சூழலிலேதான் முக்கியத்துவம் பெறுகின்றது.

இம்முறையின் பயனை ‘சாகிப் பீபி ஔர் குலாம்’ (1962) படத்திற் காணலாம். விமல் மித்ராவின் வங்க நாவலைத் தழுவிய இப்படம் பத்தொன்பதாம் நூற்றாண்டின் இறுதிக் கல்கத்தாவையும் அங்கு சிதைந்துகொண்டிருந்த ஒரு ஜமீன் குடும்பத்தையும் பற்றியது. இரு பெண்கள் இதில் எதிரெதிராக வைக்கப்பட்டுள்ளனர். ஒருத்தி மாளிகையின் அந்தப்புரத்திற் கணவனுக்காகக் காத்திருக்கும் சின்ன மருமகள்; மற்றவள் பிரம சமாசக் குடும்பத்திற் பிறந்து, தன் எண்ணத்தை வாய்விட்டுக் கூறும் ஜபா. பெண்கள் வெளியிடங்களுக்கு வருவதற்கு ஏற்றவாறு இரவிக்கையும் உட்பாவாடையும் கொண்ட சேலைக்கட்டை வங்கத்தில் பரப்பியவர் தாகூர் குடும்பத்து ஞானதானந்தினி தேவி என்பதும், அதனைப் பிரம சமாசப் பெண்களே முதலில் ஏற்றனர் என்பதும் வரலாறு. மீனாகுமாரி அணியும் பட்டும் நகையும் எவ்வளவு கனமானவையோ, அவ்வளவு அசைவற்றது அவர் வாழும் உலகம். வஹீதா ரஹ்மானின் உடையோ நடந்து திரிவதற்கு உரியது. ஒரே நகரம், ஒரே காலம். ஆயினும் இரண்டு சமூக அமைப்புகள். உரையாடல் இதைச் சொல்லுமுன்பே உடை சொல்லிவிடுகின்றது.

இவ்விடத்தில் ஒரு மறுப்பு எழலாம். இதே கை ‘வக்த்’ (1965) படத்தில் சாதனாவுக்கு உடலோடு ஒட்டிய சுடிதார்க் குர்த்தாவை அமைத்தது. அது நகரத்து இளம்பெண்களிடையே பெருவழக்காயிற்று. ‘பிரம்மச்சாரி’ (1968) படத்தின் நடனக் காட்சியில் மும்தாஜ் அணிந்த செம்மஞ்சட் சேலை உண்மையிற் சேலையே அன்று. மடிப்புகளை முன்கூட்டியே தைத்துப் பொருத்திய ஓர் ஆடை. நடனத்தின் வேகத்துக்கு அவிழாமல் நிற்கவேண்டும் என்பதற்காகவும், உடலின் வளைவைக் காட்டவேண்டும் என்பதற்காகவும் அவ்வாறு செய்யப்பட்டது. தொழில்நுட்பத் திறன் என்ற வகையில் அது கெட்டித்தனமான தீர்வு. தைக்காத துணியின் தோற்றத்தையும் தைத்த துணியின் உறுதியையும் ஒன்றாக்கியது. ஆனால் அங்கே உடை எந்தப் பாத்திரத்தையும் விளக்கவில்லை. நட்சத்திரத்தை விற்பனைக்கு வைக்கின்றது. ராஜ்கபூரின் ‘சத்தியம் சிவம் சுந்தரம்’ (1978), ‘ராம் தேரி கங்கா மைலி’ (1985) ஆகியவற்றைப் பற்றியும் இதையே கூறவேண்டும். கிராமத்துப் பெண், மலைநாட்டுப் பெண் என்ற பெயர்களில் அங்கு ஆண் பார்வையாளனின் ஆசையே உடுத்தப்பட்டிருந்தது. இப்படங்களை அதையாவின் சாதனைப் பட்டியலில் வேறுபாடின்றிச் சேர்த்து எழுதுவோர் அவருக்கு நன்மை செய்வதாகத் தோன்றவில்லை. அதற்காக, பொறுப்பு முழுவதையும் அவர்மேற் சுமத்துவதும் பொருந்தாது. முதல் போட்டவனும் நெறியாளனும் கேட்பதை மறுக்கும் அதிகாரம் எந்த ஆடையாளருக்கும் இருந்ததில்லை.

‘ஆம்ரபாலி’ (1966) இவ்விரு போக்குகளும் ஒன்றோடொன்று மோதிய இடம். வைசாலி நகரத்து நடனமாதான ஆம்ரபாலிக்கும் மகத மன்னன் அஜாதசத்ருவுக்கும் இடையிலான கதை அது. புத்தரின் காலம், கிறித்துவுக்கு முன் ஐந்தாம் நூற்றாண்டளவு. வைஜயந்திமாலாவுக்கான உடைகளை அமைப்பதற்கு அதையா அஜந்தாக் குகை ஓவியங்களை ஆதாரமாகக் கொண்டார். மார்பிற் கட்டிய கச்சு, இடுப்பிற் சுற்றிய மெல்லிய துணி, தோள்வளை, மேகலை எல்லாம் அவ்வோவியங்களிலிருந்து வந்தவை. வாடகைப் பெட்டிகளின் பளபளப்புக்குப் பழகிய கண்களுக்கு இது புதுமையாக இருந்தது. பின்னர் வந்த புராண, வரலாற்றுப் படங்களும் பொதுமேடை நடனங்களும் ‘பண்டைய இந்திய உடை’ என்று இதனையே மாதிரியாகக் கொண்டன.

ஆனால் வரலாற்று மாணவன் ஒரு கணக்கைப் பார்த்தே ஆகவேண்டும். அஜந்தாவின் சிறந்த ஓவியங்களுட் பெரும்பாலானவை வாகாடகர் காலத்தவை. அதாவது கிறித்துவுக்குப் பின் ஐந்தாம் நூற்றாண்டைச் சேர்ந்தவை. நம் நாட்டுச் சீகிரியா ஓவியங்களும் அந்நூற்றாண்டினவே என்பதும், இரண்டின் உடைமரபுக்கும் உள்ள ஒற்றுமையும் அறிந்ததே. ஆகவே ஆம்ரபாலி அணிந்திருப்பது அவளுக்கு ஏறக்குறைய ஆயிரம் ஆண்டுகள் பிற்பட்ட உடை. பாரூத், சாஞ்சிச் சிற்பங்கள் காலத்தால் அவளுக்கு இன்னும் நெருக்கமானவை. அவற்றிற் காணும் கனமான தலையணிகளையும் மடிப்பு மடிப்பான கீழாடைகளையும் விட்டு அஜந்தாவைத் தேர்ந்தமைக்குக் காரணம் கலைநயமே என ஊகிக்கலாம். ‘பொற்காலம்’ என்று தேசியவாத வரலாறு வரைந்த குப்த-வாகாடக காலத்து அழகுணர்வே பண்டைய இந்தியா முழுமைக்கும் பொது என்ற எண்ணமும் இத்தேர்வின் பின்னே உண்டு. அதையா சான்றைத் தேடினார். ஆனால் எந்தச் சான்றைத் தேடவேண்டும் என்பதைக் காலத்தின் கருத்துநிலை முன்கூட்டியே தீர்மானித்திருந்தது. இது தனியொருவரின் குறை அன்று. அக்காலப் பாடநூல்களும் அவ்வாறே எழுதின.

றிச்சார்ட் அற்றன்பரோவின் ‘காந்தி’ (1982) வேறு வகையான சோதனை. இங்கே சான்றுகள் அருகிக் கிடக்கவில்லை, மிகுந்து கிடந்தன. இருபதாம் நூற்றாண்டில் மிகுதியாக நிழற்படம் எடுக்கப்பட்ட மனிதருள் ஒருவர் காந்தி. படம் தழுவும் காலம் 1893 முதல் 1948 வரை, ஐம்பத்தைந்து ஆண்டுகள். இந்திய அரசின் தேசியத் திரைப்பட வளர்ச்சிக் கூட்டுத்தாபனம் இப்படத்திற் பெருந்தொகையை முதலிட்டமை இந்தியத் திரைப்படக் கலைஞரிடையே கடும் சர்ச்சையைக் கிளப்பியது. அச்சர்ச்சை நியாயமானதே எனினும் அது நமது பொருள் அன்று.

ஆடையாக்கப் பணி இருவருக்குப் பிரித்துக் கொடுக்கப்பட்டது. பிரித்தானியர் உடைகளையும் இராணுவச் சீருடைகளையும் ஜோன் மொலோ கவனித்தார். இந்தியர் உடைகளை அதையா கவனித்தார். மொலோ சீருடை வரலாற்றில் நூலெழுதிய அறிஞர். ‘ஸ்ரார் வோர்ஸ்’ படத்துக்காக முன்னரே ஒஸ்கார் பெற்றவர். இப்பிரிவினையைச் சற்று ஆழ்ந்து நோக்கினால் குடியேற்றவாத ஆவண முறையின் ஓரவஞ்சனை புலப்படும். பிரித்தானியப் படைவீரனின் பொத்தானுக்குக்கூடச் சட்டவிதி உண்டு. எந்த ஆண்டில் எந்தப் படைப்பிரிவு எந்த நிறக் கழுத்துப்பட்டையை அணிந்தது என்பதற்குக் கையேடு உண்டு. பீகாரின் அவுரி உழவன் எத்தகைய துணியை எவ்வாறு உடுத்தான் என்பதற்குக் கையேடு ஏது? அவனை அளந்து பதிவு செய்தோர் அவனது வரியை அளந்தனர். அவனது வேட்டியை அளக்கவில்லை. நிழற்படங்களையும், நூதனசாலைகளிலே எஞ்சியவற்றையும், கிராமங்களில் இன்னும் உயிரோடிருந்த உடுத்தும் முறைகளையும் ஒப்புநோக்கியே இவ்வெற்றிடத்தை நிரப்ப வேண்டியிருந்தது. மொலோ எழுதப்பட்ட வரலாற்றிலிருந்து உழைத்தார். அதையா எழுதப்படாத வரலாற்றிலிருந்து உழைத்தார் என்று கூறின் அது மிகையாகாது.

காந்தியின் வாழ்வே உடையின் வழியாக நிகழ்ந்த ஓர் அரசியல் வாதம் எனலாம். 1893இல் டர்பன் நீதிமன்றத்திலே தலைப்பாகையைக் கழற்ற மறுத்து வெளியேறியவர், அடுத்த ஆண்டிலே தலைப்பாகையைக் கையில் ஏந்தி அழுதுகொண்டு வந்த பாலசுந்தரம் என்ற தமிழ் ஒப்பந்தத் தொழிலாளியைக் கண்டு திடுக்கிட்டதைத் தம் சுயசரிதையிற் கூறுகின்றார். வெள்ளையர் முன் தலையணியை அகற்றவேண்டும் என்ற விதி அத்தொழிலாளியின் கைகளுக்குப் பழக்கமாகி, இந்தியன் ஒருவன் முன்னும் அவ்வாறே செய்ய வைத்திருந்தது. 1913இன் இறுதியில், வேலைநிறுத்தத்திலே சுடப்பட்ட தொழிலாளருக்காகத் துக்கம் காத்து, ஒப்பந்தக் கூலியின் உடையைத் தாமும் பூண்டார். அத்தொழிலாளருட் பெரும்பாலோர் தமிழரும் தெலுங்கருமே. 1915இல் கத்தியவாரின் தலைப்பாகையோடு பம்பாயில் இறங்கினார். 1921 யூலை 31ஆம் திகதி பம்பாயில் அந்நியத் துணிகளைக் குவித்து எரித்தார். அதே ஆண்டு செப்டெம்பர் 22ஆம் திகதி மதுரையில் அரைத்துணிக்கு மாறினார்.

மதுரை நிகழ்ச்சியின் பொருளாதாரம் கவனிக்கத்தக்கது. அந்நியத் துணியை விடுங்கள் என்றபோது, கதர் வாங்க எங்களிடம் பணமில்லை என்று ஏழைகள் விடையிறுத்தனர். துணி போதாத நாட்டில் துணியை எரிக்கச் சொல்பவன் தான் எத்தனை முழம் உடுத்தலாம் என்ற வினாவுக்கு அவர் அளித்த விடையே அரைத்துணி. ஒக்டோபர் முடிவு வரை என்றே அவர் முதலில் அறிவித்தார். பின்னர் அது வாழ்நாள் உடையாயிற்று.

அற்றன்பரோவின் படத்தில் மதுரை இல்லை. அதற்கு ஈடாக ஓர் ஆற்றங்கரைக் காட்சி வருகின்றது. கிழிந்த துணியோடு நீரில் நிற்கும் ஓர் ஏழைப் பெண்ணைக் காணும் காந்தி, தம் துணியை ஆற்றோட்டத்தில் மிதக்க விடுகின்றார். நெஞ்சைத் தொடும் காட்சிதான். ஆனால் மக்கள் எழுப்பிய வினாவுக்கு அளித்த அரசியல் விடை, தனி மனிதனின் இரக்கமாக இங்கு உருமாறிவிட்டது. இது ஜோன் பிரைலியின் திரைக்கதையும் அற்றன்பரோவின் நெறியாள்கையும் செய்த தெரிவு. கதை கைவிட்ட வாதத்தை உடை எவ்வளவு தூரம் காப்பாற்றியது என்பதே நமது வினா.

என் கணிப்பில், கணிசமான அளவு காப்பாற்றியது. 1915ஆம் ஆண்டு வரவேற்பு விருந்துக் காட்சியை நோக்குக. புல்வெளியில் நேருவும் பட்டேலும் ஜின்னாவும் ஐரோப்பிய உடையில் நிற்கின்றனர். நாட்டுப்புறத்தான் போன்று காந்தி அவர்களிடையே நுழைகின்றார். அடுத்து வரும் ஆண்டுகளில் நேருவினதும் பட்டேலினதும் உடல்களிலிருந்து மேற்சட்டையும் கழுத்துப்பட்டியும் நீங்கிக் கதர் ஏறுகின்றது. ஜின்னாவின் சூட் நெடுகிலும் மாறாமல் நிற்கின்றது. தலைவர்களின் கருத்து வேறுபாட்டை எந்த உரையாடலையும் விடத் தெளிவாக இது காட்டுகின்றது. காங்கிரசின் சமூக அடித்தளம் வழக்கறிஞர் கூடத்திலிருந்து கிராமத்துக்கு விரிவடைந்த வரலாறு அம்மாற்றத்தில் அடங்கியுள்ளது. ஜின்னாவின் சித்திரிப்புப் பற்றி வேறு குறைகள் கூறலாம். அவரின் உடைகளே அவருக்கு எதிரான தீர்ப்பாகிவிட்டன என்ற வாதத்திலும் உண்மை இல்லாமலில்லை.

வெள்ளை நிறத்தைக் கையாண்ட விதமும் குறிப்பிடத்தக்கது. ஒரு படம் முழுவதும் வெள்ளைத் துணியே வருமாயின் ஓவியனுக்கு அது பெருஞ்சோதனை. கதரின் வெள்ளை, ஆலைத்துணியின் வெள்ளை, பலமுறை துவைத்துப் பழுத்த வெள்ளை, கைம்பெண்ணின் வெள்ளை எல்லாம் ஒன்றல்ல. புதுத்துணியைப் படப்பிடிப்புக்கு அப்படியே கொண்டுபோக முடியாது. துவைத்தும் தேய்த்தும் சாயத்தை மங்கச்செய்தும் அதற்கு வயது ஏற்றவேண்டும். 1930ஆம் ஆண்டுத் தராசனா உப்பளக் காட்சியில் வரிசை வரிசையாக அடிவாங்க முன்னேறும் தொண்டர்கள் ஒரே வெண்மையில் இருந்தும் ஒரே மனிதனின் படிகளாகத் தோன்றவில்லை. 1981 சனவரி 31ஆம் திகதி, காந்தியின் இறுதி ஊர்வலம் நடந்து சரியாக முப்பத்துமூன்று ஆண்டுகளின் பின், மூன்று இலட்சத்துக்கு மேற்பட்டோரைக் கொண்டு அவ்வூர்வலக் காட்சி படமாக்கப்பட்டது. இத்தகைய திரளில் ஆடையாக்கம் என்பது தையல் அன்று, தெரிவும் ஒழுங்கமைப்புமே. 1983 ஏப்பிரல் 11ஆம் திகதி அவரும் மொலோவும் ஒஸ்கார் விருதைப் பகிர்ந்துகொண்டனர். அவ்வாண்டில் ‘காந்தி’ பெற்ற எட்டு விருதுகளுள் அது ஒன்று.

அதன் பின்னர் ‘லேகின்’ (1990), ‘லகான்’ (2001) ஆகிய படங்களுக்காக அவர் இந்தியத் தேசிய விருது பெற்றார். முன்னையதை விரிப்பதற்கு இங்கு இடமில்லை. பின்னையது நம் பொருளுக்கு நேரடித் தொடர்புடையது. அசுதோஷ் கோவாரிக்கரின் இப்படத்தின் கதை நிகழும் ஆண்டும் 1893. பீற்றர்மாரிற்ஸ்பேர்க் புகையிரத நிலையத்திலே சூட் அணிந்த இளம் வழக்கறிஞர் முதல் வகுப்பிலிருந்து தள்ளப்பட்ட அதே ஆண்டு. இருபது ஆண்டுகளுக்குள் ஒரே ஆண்டை இருமுறை உடுத்தும் வாய்ப்பு அதையாவுக்குக் கிட்டியது. ஒருமுறை எஜமானின் உடையை அணிந்தும் எஜமானாக ஏற்கப்படாதவனின் பக்கத்திலிருந்து; மறுமுறை அவ்வுடையையே அறியாத கிராமத்தின் பக்கத்திலிருந்து.

‘லகான்’ வரிச்சுமையை நீக்குவதற்காகக் கிறிக்கற் ஆடும் கற்பனைக் கிராமத்தின் கதை. ஆங்கிலேய அணியினர் ஒரே வெள்ளை உடையில் நிற்கின்றனர். எதிரணியினர் பதினொருவரும் பதினொரு விதமாக நிற்கின்றனர். கொல்லன், குயவன், விறகுவெட்டி, வைத்தியர், கோழி வளர்ப்பவன், படையிலிருந்து விலகிய சீக்கியன், தீண்டப்படாதவனான கச்ரா ஆகிய ஒவ்வொருவரின் தலைப்பாகைக் கட்டும், துணியின் அளவும், கிழிசலின் இடமும் அவரவர் தொழிலையும் சாதியையும் சுட்டுகின்றன. சீருடை அணிந்த அரசுக்கு எதிரே சீருடை இல்லாத சமூகம். மழையற்ற நிலத்தின் நிறமே அவர்களின் துணிகளிலும் படிந்துள்ளது. கதையோ சாதி முரண்பாட்டை ஒரு சொற்பொழிவிலே தீர்த்துவிட்டு ஆட்டத்துக்குச் சென்றுவிடுகின்றது. கச்ராவின் துணி மாத்திரம் இறுதிவரை அம்முரண்பாடு தீரவில்லை என்று சொல்லிக்கொண்டேயிருக்கின்றது. பாடற் காட்சிகளில் நாயகியின் பாவாடைக்கு எங்கிருந்தோ வந்துசேரும் நிறங்கள் வணிக சினிமாவுக்குச் செலுத்திய வரி என்று கொள்ளலாம்.

இவ்வளவும் ஒருவரின் பெயரால் கூறப்பட்டது. உண்மையில் இவ்வாடைகளை வெட்டியோரும் தைத்தோரும் சாயமிட்டோரும் சரிகை வேலை செய்தோரும் பெயர்ப்பட்டியலில் இல்லை. ‘மாஸ்ரர்ஜி’ என்ற பொதுப்பெயரால் அழைக்கப்பட்ட தையற்காரரின் கை இல்லாமல் எந்த வரைபடமும் ஆடையாகியிராது. அதையா 2010இல் வெளியிட்ட ஆடையாக்கக் கலை பற்றிய நூல் அவருடைய பணியை அறிய நமக்குக் கிடைக்கும் முதன்மை ஆதாரம். ஆனால் அதுவும் வடிவமைத்தவரின் பார்வையிலிருந்து எழுதப்பட்டதே. தைத்தவரின் பார்வையிலிருந்து இவ்வரலாறு எழுதப்படவேண்டியுள்ளது.

அவ்வாறு எழுத விரும்புவோர்க்கு முதலில் எதிர்ப்படும் தடை, ஆடைகளே எஞ்சவில்லை என்பதாகும். படம் முடிந்ததும் உடைகள் பிரித்துத் தைக்கப்பட்டு வேறு படங்களுக்குச் சென்றன. அல்லது மூட்டைகளில் மக்கின. ராஜ்கபூரின் படங்களில் நர்கிஸ் காலந்தொட்டு நடிகர்கள் அணிந்த உடைகளைப் பாதுகாத்து வைத்திருந்தது செம்பூரிலிருந்த ஆர்.கே. கலையகம். 2017 செப்டெம்பர் 16ஆம் திகதி அங்கு ஏற்பட்ட தீயில் அவை அழிந்தன. ஈராண்டுகளில் அந்நிலமும் கட்டட நிறுவனம் ஒன்றுக்கு விற்கப்பட்டது. தமது ஒஸ்கார்ச் சிலைக்கு இந்தியாவிற் பாதுகாப்பான இடமில்லை என்று கருதிய அதையா, சாந்திநிகேதனிலிருந்து 2004இல் தாகூரின் நோபல் பதக்கம் களவுபோனதைச் சுட்டிக்காட்டி, 2012இல் அதனை அமெரிக்கத் திரைப்படக் கழகத்திடமே ஒப்படைத்தார். 2020 ஒக்டோபர் 15ஆம் திகதி மும்பையில் அவர் காலமானார். அவ்வாண்டின் இறுதியில் அவருடைய ஆடை வரைபடங்களும், 1950களில் அவர் தீட்டிக் கைவிட்ட ஓவியங்களும் ஏலத்துக்கு வந்தன.